ஒன்பதால் சோதனையும் 64 எழுத்தும்

புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்த என் வயதுக்காரர்களுக்கு "ப்ரூவ் பார் நெஃப்" ஞாபகம் இருக்கும். 23-ஐ 14-ஆல் பெருக்கினால் 322. இலக்கங்களைக் கூட்டினால் 5, 5. அவற்றைப் பெருக்க 25, அதாவது 7. விடையின் இலக்கங்களைக் கூட்டினாலும் 7. ஆகவே கணக்கு சரி. ஆனால் 322-ஐ 232 என்று மாற்றி எழுதினாலும் 7தான் வரும்! அப்படி எழுதிவிட்டு, சோதனை சரி என்று சாதித்து, வாத்தியாரிடம் ரூலரால் வாங்கியவன் நான்.

சென்ற வருடம் பழைய கம்ப்யூட்டரில் லினக்ஸ் மின்ட் போடப் பார்த்தேன். ஒரு முழு வட்டில் இருப்பதை அப்படியே ஒரே கோப்பாகக் கட்டித் தருகிறார்கள், ஐ.எஸ்.ஓ. என்று பெயர். இறக்கி, பென் டிரைவில் ஏற்றினேன். பாதியில் நின்றுவிட்டது. மறைந்த என் தம்பியின் படங்கள் அந்தக் கம்ப்யூட்டரில்தான் இருந்தன. நல்லவேளை, எதையும் அழிக்கும் கட்டம் வரவில்லை.

"சரிபார்த்தீங்களா தாத்தா?" என்றான் பேரன். கோப்பின் அளவே குறைந்திருந்தது; இறங்கும்போது இணைப்பு அறுந்திருக்கிறது. அளவு சரியாக இருந்தாலும் போதாதாம். முழுக் கோப்பையும் கணக்கிட்டு வரும் சரிபார்ப்பு எண், வெளியிட்டவர்கள் தந்த எண்ணோடு பொருந்த வேண்டும். பொருந்தியும் ஓடவில்லை என்றால், கோளாறு பென் டிரைவில் என்று தேடலாம்.

1991-ல் ரொனால்ட் ரிவெஸ்ட் அமைத்த எம்.டி.5 என்ற முறை இதற்கு வெகுகாலம் பயன்பட்டது. 2004-ல் சீனப் பேராசிரியை வாங் சியாவ்யுன் குழுவினர், வெவ்வேறான இரண்டு தரவுகளுக்கு அதில் ஒரே எண் வருவதைக் காட்டினார்கள். என் 322-ம் 232-ம் போலத்தான். இப்போது 64 எழுத்து கொண்ட ஷா-256 புழக்கத்தில் இருக்கிறது.

ஆனால் பெரிய பாடம் வேறு இடத்திலிருந்து வந்தது. 2016 பிப்ரவரி 20 அன்று, இதே லினக்ஸ் மின்ட்டின் இணையதளத்துக்குள் யாரோ புகுந்து, 17.3 சின்னமன் பதிப்பின் இணைப்பை பல்கேரியாவில் இருந்த ஒரு சர்வருக்குத் திருப்பிவிட்டார்கள். அங்கே இருந்தது கள்ளவழி பொதித்த போலிக் கோப்பு. மறுநாள் அதை வெளிப்படையாக அறிவித்தார் நிறுவனர் க்ளெமான் லெஃபெவ்ர் (பிரெஞ்சுக்காரர் என்பதில் எனக்கு ஒரு சின்ன சந்தோஷம்). தளத்திலிருந்த சரிபார்ப்பு எண்ணையும் மாற்றியதாகத் தாக்கியவனே சொன்னான் என்று செய்தி வந்தது. திருடன் கையிலேயே பேரேடும் இருந்தால் கூட்டல் சரியாகத்தானே வரும்?

கருவூலத்தில் இரட்டைப் பூட்டின் சாவிகளை இரண்டு பேரிடம் கொடுப்பது இதற்காகத்தான். மின்ட்காரர்களும் எண்பட்டியலில் டிஜிட்டல் கையெழுத்து இடுகிறார்கள். அதைச் சோதிக்கும் பொதுச் சாவியை அவர்கள் தளத்திலிருந்து எடுக்காமல், உபுண்டுவின் சாவி சர்வரிலிருந்து எடுக்கச் சொல்கிறார்கள். அந்த வேலையைப் பேரன் பார்த்துக்கொண்டான்.

மறுபடி இறக்கினேன். எண்ணைக் கம்ப்யூட்டரே ஒப்பிட்டுச் சொல்லும் என்றான். எனக்கு மனம் கேட்கவில்லை. அலுவலகத்தில் டைப் அடித்த நகலை இரண்டு பேர் உட்கார்ந்து ஒப்புநோக்குவோமே, அதேபோல மனைவி திரையைப் பார்த்து வாசிக்க, நான் தாளில் டிக் அடித்துக்கொண்டே வந்தேன். 41-வது எழுத்தில் அவர் பி என்றது எனக்கு டி என்று கேட்டு, முதலிலிருந்து மறுபடி ஆரம்பித்தோம்.