ஊ. பு. அ. சௌந்தரபாண்டியன்

ஊ. பு. அ. சௌந்தரபாண்டியன் (15 செப்டம்பர் 1893 – 22 பிப்ரவரி 1953) நீதிக்கட்சித் தலைவர்களில் ஒருவர். சென்னை மாகாணச் சட்டசபையின் நியமன உறுப்பினர், இராமநாதபுரம் ஜில்லா போர்டுத் தலைவர். பிறந்த ஊர் அன்றைய மதுரை மாவட்டத்தின் பட்டிவீரன்பட்டி. வத்தலக்குண்டுச் சமவெளி முடிந்து கீழ்ப்பழனி மலை தொடங்கும் இடம் அது. மேலே காப்பித் தோட்டம், கீழே வியாபாரம் என வாழ்ந்த வசதியான நாடார் குடும்பம் அவருடையது. அவர் அரசியலுக்கு வந்ததைத் தனி ஒருவரின் ஆசையாகப் பார்த்தால் பாதிதான் விளங்கும். வியாபாரத்தால் பணம் சேர்த்திருந்தும் நாடார்களுக்குக் கோயில் வாசல் திறக்கவில்லை. 1899இல் சிவகாசிக் கலவரம் நடந்தது; கமுதிக் கோயில் வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை போய் 1908இல் தோற்றது. கோர்ட்டு கைவிட்டதும் சங்கம் வந்தது: 1910இல் பொறையாறில் நாடார் மகாஜன சங்கம் தோன்றியது, பிறகு மதுரை அதன் தலைமையிடமாயிற்று. மூட்டைக்கு இவ்வளவு என்று உறவின்முறைகள் பிரித்த மகமைப் பணத்தில் பள்ளிக்கூடம் நடத்திப் பழகிய சமூகத்துக்கு, அடுத்த தேவை அரசு பேசும் இடத்தில் ஓர் ஆள்.

அந்த ஆளாகத்தான் 1920இல், நீதிக்கட்சித் தலைவர் பிட்டி தியாகராயரின் முயற்சியால், 27 வயதில் அவர் சட்டசபைக்கு நியமிக்கப்பட்டார். இரட்டையாட்சியின் அந்தச் சபையில் 98 பேர் தேர்தலில் வென்றவர்கள், 29 பேர் நியமனம். வாக்குக் கேட்காமல் கவர்னர் கையெழுத்தால் வந்தவரை மக்கள் பிரதிநிதி என்று எப்படிச் சொல்வது? நியாயமான கேள்வி. ஆனால் சொத்தும் வரியும் வைத்து வாக்குரிமை கொடுத்த காலத்தில், தேர்ந்தெடுக்கப்பட்டவர்களும் சிறு கூட்டத்தின் பிரதிநிதிகளே. காலனியாட்சி தந்த நாற்காலிகள் பிற இடங்களிலும் ஏதோ ஒரு குறையோடுதான் இருந்தன. பிலிப்பைன்ஸ் வணிகர் பெனிதோ லெகார்தா 1907இல் அமெரிக்கக் காங்கிரசுக்குப் போனபோது, அவருக்கு அங்கே வாக்களிக்கும் உரிமை இல்லை. ஆகவே நாற்காலி எப்படிக் கிடைத்தது என்பதைவிட, கிடைத்த அதிகாரம் யாருக்குப் பயன்பட்டது என்பதே சரியான அளவுகோல் என்று தோன்றுகிறது.

அந்த அளவுகோலில் அவருடைய சட்டசபைக் காலத்தைவிட ஜில்லா போர்டுக் காலமே பெரியது. 1928இல் அவர் இராமநாதபுரம் ஜில்லா போர்டுத் தலைவரானார். விருதுநகரும் சிவகாசியும் அப்போது அந்த மாவட்டத்தில்தான் இருந்தன. தனியார் பஸ்கள் பெருகிவந்த நேரம். ஆதிதிராவிடர்களை அவற்றில் ஏற்றுவதில்லை. ஏற்ற மறுக்கும் பஸ்களின் உரிமம் ரத்தாகும் என்று சௌந்தரபாண்டியன் உத்தரவு போட்டார். மேடைத் தீர்மானமாக இருந்தால் முதலாளிகள் கேட்டுவிட்டுப் போயிருப்பார்கள். உரிமம் போனால் வண்டி ஷெட்டில் நிற்கும், பணம் முடங்கும்; ஒரு முதலாளியை எங்கே பிடித்தால் வழிக்கு வருவார் என்பது இன்னொரு முதலாளிக்குத் தெரியாதா? அவர் தம் சாதிக்காக மட்டும் உழைத்தவர் என்போருக்கும் இந்த உத்தரவே பதில். இதனால் பயன் பெற்றவர்கள் அவருடைய சாதியார் அல்லர். கோயில் வாசலில் தடுக்கப்பட்ட நாடார்களின் அனுபவம் பஸ் படிக்கட்டில் தடுக்கப்பட்டவர்களுக்கான நியாயமாக விரிந்தது இங்கேதான்.

1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாநாட்டுக்கு அவரே தலைமை வகித்தார். சாதிப் பட்டங்களைக் கைவிடவும் பெண்களுக்குச் சொத்தில் சம உரிமை தரவும் கோரிய மாநாடு அது. சாதிச் சங்கத்தின் முதுகெலும்பாக இருந்துகொண்டே சாதி ஒழிப்பு மாநாட்டில் தலைமை நாற்காலியில் அமர்ந்தது முரண்தான். அதை மழுப்ப வேண்டியதில்லை. சங்கம் கொடுத்த பலம் இல்லாமல் அந்த நாற்காலி அவருக்கு வந்திருக்காது என்பதும் உண்மை. சென்னை தியாகராயநகரின் பாண்டி பஜார் அவர் பெயரால் அமைந்தது.