அசலுக்கு இரண்டு மடங்கு: ஒரு பழைய சட்டமும் ஒரு புதுக் கடன் தாளும்

 

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் என் பழைய மாணவன் ஒருவன் வீட்டுக்கு வந்திருந்தான். 2004-ல் என்னிடம் பத்தாம் வகுப்பு படித்தவன். கையில் ஒரு ஸ்வீட் பெட்டி, இன்னொரு கையில் ஒரு பிளாஸ்டிக் ஃபைல்.

"சார், ஃபிளாட் வாங்கறேன். ஐம்பது லட்சம் லோன் சாங்ஷன் ஆயிடுச்சு" என்றான். ரொம்ப சந்தோஷம் என்றேன்.

"மொத்தம் எவ்வளவுப்பா கட்டணும்?"

"மாசம் நாற்பத்தஞ்சாயிரம் சார். சமாளிச்சிடலாம்."

"மாசத்தைக் கேட்கலை. மொத்தம்?"

கொஞ்சம் யோசித்தான். "இருபது வருஷம் சார்" என்றான். நான் கேட்டது ரூபாயை. அவன் சொன்னது வருடத்தை. கெட்டிக்காரப் பையன், கணினித் துறையில் வேலை. அவனுக்கே அந்த எண் தெரியவில்லை. ஃபைலைப் புரட்டினால் அதிலேயே அச்சடித்திருக்கிறது. 9 சதவீத வட்டி, 240 தவணை, தவணை 44,986 ரூபாய். திருப்பிக் கட்டும் மொத்தத் தொகை ஏறக்குறைய 1 கோடியே 7 லட்சத்து 97 ஆயிரம். வட்டி மட்டும் 58 லட்சம். வாங்கிய கடனைவிட அதற்குக் கொடுக்கும் வட்டி அதிகம்.

நான் வரலாற்று வாத்தியார். அந்த எண்ணைப் பார்த்ததும் எனக்கு ஞாபகம் வந்தது 1938.

ராஜாஜி சென்னை மாகாணத்தின் பிரதமராக இருந்த காலம். (அப்போது முதலமைச்சருக்குப் பிரதமர் என்றுதான் பெயர்.) 1930களின் உலகப் பெருமந்தத்தில் நெல் விலை விழுந்து கிடந்தது. விளைந்ததை விற்றால் வரும் பணம் பாதியாகிவிட்டது, பத்திரத்தில் எழுதிய கடன் மட்டும் அப்படியே நின்றது. அதற்கு வட்டி, வட்டிக்கு வட்டி. அந்த நிலையில் வந்ததுதான் 1938-ம் வருடத்து 4-ம் எண் சட்டம், சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம். அதன் 8-வது பிரிவை வகுப்பில் நான் பலமுறை சொல்லியிருக்கிறேன். 1932 அக்டோபருக்கு முன் விவசாயி வாங்கிய கடனில், 1937 அக்டோபர் 1 அன்று நிலுவையில் நின்ற வட்டி முழுவதும் தள்ளுபடி. அதைவிட முக்கியமானது அடுத்த உட்பிரிவு. அசலாகவோ வட்டியாகவோ, வாங்கிய அசலைப்போல் இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால், அந்தக் கடன் முழுவதும் தீர்ந்ததாகக் கொள்ளப்படும். அசலும் பாக்கி இல்லை. ஆயிரம் வாங்கி இரண்டாயிரம் கட்டிவிட்டாயா, போ, உன் கடன் முடிந்தது.

கடன் கொடுத்தவர்கள் சும்மா இருப்பார்களா? பெரிய எதிர்ப்பு. வழக்கு டெல்லி ஃபெடரல் கோர்ட் வரைக்கும் போனது. சட்டம் நின்றது.

இரண்டு மடங்கு என்பது ராஜாஜி புதிதாகக் கண்டுபிடித்த கணக்கு அல்ல. தர்மசாஸ்திர நூல்களிலேயே அதன் வேர் இருக்கிறது. ஒரே நேரத்தில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக்கூடாது என்பது விதி. பம்பாய்ப் பக்கம் இதற்கு 'தாம்துபட்' என்று பெயர், வெள்ளைக்கார நீதிமன்றங்களும் அங்கே அதை ஏற்றன. நம் சென்னை மாகாணத்தில் பொதுவாக ஏற்கவில்லை. 1855-ல் வட்டி உச்சவரம்புச் சட்டங்களையே நீக்கிவிட்டார்கள், இரு தரப்பும் எழுதிக்கொண்ட வட்டி எதுவோ அதுவே செல்லும் என்று. ஆக, எண்பது வருடம் கழித்து 1938-ல் அந்தப் பழைய கோடு சுற்றிக்கொண்டு திரும்பி வந்தது. ஒரு வித்தியாசம் உண்டு, அதை மறைக்கக் கூடாது. பழைய விதி பார்த்தது நிலுவையில் நிற்கும் வட்டியை. 1938 சட்டம் பார்த்தது இதுவரை மொத்தமாக எவ்வளவு கட்டியிருக்கிறாய் என்பதை. இரண்டுக்கும் பொதுவானது, கடனை ஒரு முழுத் தொகையாகப் பார்க்கும் பழக்கம்.

ஊர்ப்பக்கம் ஒத்தி, போக்கியம் என்று வைத்தாலும் அப்படித்தான். நிலத்தை ஒத்திக்கு விட்டவனுக்கு வட்டி சதவீதம் தெரியாமல் இருக்கலாம். ஆனால் தன் வயலில் இன்னொருவன் அறுப்பதை வருடம் இரண்டு தரம் வரப்பில் நின்று பார்ப்பான். கடனுக்குத் தான் கொடுக்கும் விலை கண்ணுக்குத் தெரியும்.

அந்த விலை மாதத் தவணைக்குள் போய் ஒளிந்துகொண்ட கதை அமெரிக்காவில் நடந்தது. அதே 1930களில்தான்.

பெருமந்தத்துக்கு முன் அங்கே வீட்டுக் கடன் என்றால் பெரும்பாலும் மூன்றிலிருந்து ஐந்து வருடக் கடன். வட்டியை மட்டும் கட்டிக்கொண்டு வந்து, கெடு முடியும்போது அசலை ஒரே மூச்சில் கொடுக்க வேண்டும், அல்லது பத்திரத்தைப் புதுப்பிக்க வேண்டும். 1929-க்குப் பிறகு புதுப்பிக்க வங்கியில் பணம் இல்லை. 1933-ல் நாளைக்கு ஏறக்குறைய ஆயிரம் வீடுகள் ஏலத்துக்குப் போயின. ரூஸ்வெல்ட் அரசு வீட்டு உரிமையாளர் கடன் கழகம் என்று ஒன்றை அமைத்தது. அது மூன்று வருடத்தில் சுமார் பத்து லட்சம் குடும்பங்களின் கடனை எடுத்துக்கொண்டு, 5 சதவீத வட்டியில் 15 வருடத்துக்கு நீட்டி, மாதாமாதம் அசலும் வட்டியும் கலந்த ஒரே அளவுத் தவணையாக மாற்றித் தந்தது. அப்படியும் ஐந்தில் ஒரு வீடு பிற்பாடு கைவிட்டுப் போனது, ஆனால் மற்றவர்கள் பிழைத்தார்கள். (அந்தக் கழகத்தின் வரைபடங்களில் கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதிகளைச் சிவப்பு மையால் குறித்த கதை தனி. இன்னொரு நாள் எழுதுகிறேன்.)

இன்று நாம் இ.எம்.ஐ. என்று சொல்வது வீடுகளுக்குப் பரவலானது இப்படித்தான். ஏழைக்கு இழைத்த சூழ்ச்சி அல்ல, உண்மையிலேயே உயிர்காத்த ஏற்பாடு. ஆனால் அதில் ஒரு பக்கவிளைவு இருந்தது. தவணையைக் குறைக்க வேண்டுமா, வருடத்தை நீட்டினால் போதும். 1934-ல் கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகம் வந்ததும் 20 வருடம். 1950களுக்குள் 30 வருடம் சாதாரணம். கடன்காரனின் கேள்வி "மொத்தம் எவ்வளவு?" என்பதிலிருந்து "மாசம் எவ்வளவு?" என்று மாறிவிட்டது.

இதைக் கவனித்த ஒருவர் எங்களைப் போல வாத்தியார்தான். பால் டக்ளஸ். சிகாகோ பல்கலைக்கழகப் பொருளாதாரப் பேராசிரியர். பொருளாதாரம் படித்தவர்களுக்கு காப்-டக்ளஸ் சமன்பாடு ஞாபகம் இருக்கும், அந்த டக்ளஸ். ஐம்பது வயதில் கடற்படைக் காலாட்படையில் சாதாரணச் சிப்பாயாகச் சேர்ந்து, பசிபிக் போரில் காயம்பட்டு, திரும்பி வந்து செனட்டர் ஆனவர். 1960-ல் அவர் ஒரு மசோதா கொண்டுவந்தார். வட்டியைக் குறை என்று அது சொல்லவில்லை. கடன் கொடுக்கிறவன் அதன் உண்மையான விலையை எழுதிக் காட்ட வேண்டும், அவ்வளவுதான். அதற்கே எட்டு வருடம் ஆனது. கமிட்டியிலேயே கிடந்தது. 1966 தேர்தலில் டக்ளஸ் தோற்றுப்போனார். வேறொரு செனட்டர், வில்லியம் பிராக்ஸ்மயர், கையில் எடுத்து 1968-ல் நிறைவேற்றினார்.

நிறைவேறிய சட்டத்தில் ஒரு விலக்கு இருந்தது. ரேடியோ, கார், சோபா எல்லாவற்றுக்கும் மொத்த வட்டி எத்தனை டாலர் என்று எழுத வேண்டும். வீடு வாங்கும் முதல் அடமானக் கடனுக்கு மட்டும் அந்த டாலர் தொகையை எழுத வேண்டாம்! ஒரு மனிதன் வாழ்நாளில் வாங்கும் ஆகப் பெரிய கடன், அதற்கு மட்டும் மொத்தம் சொல்லத் தேவையில்லை. அந்த எண்ணைப் பார்த்தால் ஜனங்கள் வீடு வாங்கப் பயந்துவிடுவார்கள் என்ற கவலைதான் காரணம் என்பது என் எண்ணம். விலக்கு பிற்பாடு நீங்கியது. 2015 அக்டோபரிலிருந்து அங்கே கடன் முடிக்கும் தாளின் கடைசிப் பக்கத்தில் மொத்தக் கட்டணம், மொத்த வட்டி, அசலில் வட்டி எத்தனை சதவீதம் என்பது வரை போடுகிறார்கள்.

நம் நாட்டுக்கு வருவோம். 1977-ல் ஹஸ்முக் பரேக் எச்.டி.எஃப்.சி.யைத் தொடங்கும்வரை, சாதாரண மனிதன் வீட்டுக்கு நீண்டகாலக் கடன் வாங்க வழி குறைவு. கூட்டுறவு வீட்டு வசதிச் சங்கம், எல்.ஐ.சி., இல்லாவிட்டால் மனைவியின் நகை. என்னைப் போன்ற அரசு ஊழியர்களுக்கு வீடு கட்டும் முன்பணம் இருந்தது. அதில் ஒரு விசேஷம், புதுத் தலைமுறைக்குச் சொன்னால் நம்ப மாட்டார்கள். முதலில் அசலைப் பிடிப்பார்கள், அசல் தீர்ந்த பிறகுதான் வட்டியைப் பிடிப்பார்கள். அதுவும் தனிவட்டி. மத்திய அரசு விதியில் அசலுக்கு 180 மாதம் வரை, அதன்பின் வட்டிக்கு 60 மாதம் வரை. எனக்கும் இதே முறைதான்.

என் மாணவனின் ஐம்பது லட்சத்தை அந்த முறையில் போட்டுப் பார்த்தேன். அதே 9 சதவீதம், அதே 20 வருடம். வட்டி சுமார் 34 லட்சம் வருகிறது. இ.எம்.ஐ.யில் 58 லட்சம். சதவீதம் ஒன்று, வருடம் ஒன்று, 24 லட்சம் வித்தியாசம். இ.எம்.ஐ. முறையில் ஏமாற்று எதுவும் இல்லை, பாக்கி நிற்கும் அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள். ஆனால் முதல் தவணை 44,986-ல் வட்டிக்குப் போவது 37,500. அசலில் கழிவது 7,486. முதல் வருடம் முழுக்க 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டினால் கடன் குறைவது 94 ஆயிரத்துக்குள். ஐம்பது லட்சம் பாதியாகி இருபத்தைந்தைத் தொட ஏறக்குறைய பதினாலு வருடம் ஆகும். பேரன் கணினியில் போட்டதை நான் கையால் சரிபார்த்தேன். கணக்கு வாத்தியார் நண்பர்கள் யாராவது தப்பு கண்டால் சொல்லலாம்.

வருடத்தை மாற்றிப் பார்த்தால் விஷயம் இன்னும் தெளிவாகும். 15 வருடம் என்றால் தவணை 50,713, மொத்தம் 91 லட்சத்து 28 ஆயிரம். 30 வருடம் என்றால் தவணை 40,231, மொத்தம் 1 கோடியே 45 லட்சம். அதாவது இருபதை முப்பதாக்கினால் மாதம் 4,755 ரூபாய் மிச்சம், அதற்குக் கொடுக்கும் விலை 37 லட்சம்.

மாறும் வட்டியில் வேறொரு ஆபத்து. 2020 மே மாதம் ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம் 4 சதவீதம். 2023 பிப்ரவரியில் 6.5. இரண்டரை சதவீதம் ஏறியது. நிறையப் பேருக்குத் தவணை ஏறவில்லை என்று நிம்மதி. தவணைக்குப் பதில் வருடம் ஏறிக்கொண்டிருந்தது. 6.75 சதவீதத்தில் ஐம்பது லட்சம் வாங்கி, ஒரு வருடம் கட்டிய பிறகு வட்டி ஒரேயடியாக 9.25 ஆனதாக வைத்துக்கொள்ளுங்கள். தவணை பழைய 38,018-லேயே நின்றால், பாக்கி 19 வருடம் 49 வருடமாகிவிடும். நாற்பது வயதுக்காரன் கடனை முடிக்கும்போது தொண்ணூறு. இதற்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி, தவணையை ஏற்றுவதா வருடத்தை நீட்டுவதா என்று கடன்காரரிடம் கேட்க வேண்டும் என்று உத்தரவிட்டது. 2024 அக்டோபர் 1 முதல் புதுக் கடன்களுக்கு முக்கிய விவர அறிக்கை என்ற தாளும் கட்டாயம். என் மாணவனின் ஃபைலில் இருந்தது அந்தத் தாள்தான். டக்ளஸ் 1960-ல் கேட்டது நம்மிடம் அச்சாகி வந்திருக்கிறது. படிக்கத்தான் ஆள் இல்லை.

இன்னொரு பக்கமும் சொல்ல வேண்டும். 1938 விவசாயியின் இரண்டாயிரத்தையும் இவனுடைய ஒரு கோடியையும் அப்படியே தராசில் வைக்க முடியாது. அவனுக்கு விலைவாசி விழுந்துகொண்டிருந்தது, கடன் நாளுக்கு நாள் கனத்தது. இவனுக்குச் சம்பளம் ஏறும், இருபதாவது வருடத்துத் தவணை இன்றைய கனத்தில் இருக்காது. என் முன்பணத் தவணை ஆரம்பத்தில் சம்பளத்தில் கால் பங்கு. கடைசி வருடங்களில் பிடித்தம் என்று ஒன்று இருப்பதே ஞாபகமில்லை. வாடகை வீட்டில் இருந்தாலும் பணம் போகத்தான் செய்யும். அதனால் வாங்காதே என்று அவனிடம் நான் சொல்லவில்லை. மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது, வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலே பதினாறரை வருடத்தில் முடியும் என்று மட்டும் காட்டினேன்.

ஃபைலை மூடி வைத்துவிட்டுக் காபி குடித்தான். அதிகம் பேசவில்லை. மனதைக் கெடுத்துவிட்டோமோ என்று எனக்கே சங்கடமாக இருந்தது.

புதன்கிழமை சாயங்காலம் போன் வந்தது. "சார், பதினஞ்சு வருஷமா மாத்தித் தரச் சொல்லி எழுதிக் கொடுத்துட்டேன். கார் வாங்கறதாக இருந்தோம், அதைத் தள்ளிப் போட்டாச்சு. வீட்ல கொஞ்சம் வருத்தம்தான்."

"உன் தாள் ஒண்ணு இங்கேயே இருக்குப்பா, வந்து வாங்கிக்கோ" என்றேன்.

"அது இருபது வருஷக் கணக்கு சார். நீங்களே வெச்சுக்கோங்க."