இலங்கைப் போரும் அன்றாட வாழ்வின் ஆவணப்படங்களும்

இலங்கையில் 1983 முதல் 2009 வரை நடந்த உள்நாட்டுப் போர் குறித்துப் பல ஆவணப்படங்கள் வெளிவந்துள்ளன. அவற்றுள் சில, போர்க்களத்தைவிடப் போருக்குள் வாழ்ந்த மக்களின் குடும்பம், பயணம், அச்சம், காத்திருப்பு ஆகியவற்றையே முதன்மையாகப் பதிவு செய்தன. அந்த வாழ்க்கை நடந்தபோது பெரும்பாலும் அங்கே கேமரா இல்லை. எனவே இயக்குநர்கள் நினைவுகளைக் கொண்டே அதை மீட்டெடுக்க வேண்டியிருந்தது.

பின்னணி

2008 செப்டம்பரில் ஐ.நா. மற்றும் தொண்டு நிறுவனப் பணியாளர்களை வன்னியை விட்டு வெளியேறுமாறு இலங்கை அரசு கூறியது. போர்ப்பகுதிக்குள் சுதந்திரமான செய்தியாளர்களும் அனுமதிக்கப்படவில்லை. இறுதிக்கட்டப் போரைப் பற்றிக் கேலம் மேக்ரே இயக்கிய 'நோ ஃபயர் ஸோன்' (2013), பொதுமக்களும் படையினரும் கைப்பேசி போன்ற கருவிகளில் எடுத்த காட்சிகளைப் பெரிதும் சார்ந்திருந்தது. மக்கள் எவ்வாறு இறந்தனர் என்பதற்கு அக்காட்சிகள் சான்றாயின. அதற்கு முந்தைய கால் நூற்றாண்டில் அவர்கள் எவ்வாறு வாழ்ந்தனர் என்பதைச் சொல்ல வேறு வழி தேவைப்பட்டது.

குடும்பத்தின் நினைவு

யாழ்ப்பாணப் பல்கலைக்கழக மருத்துவ பீடத்தில் உடற்கூற்றியல் துறைத் தலைவராக இருந்த ராஜினி திராணகம, 1989 செப்டம்பர் 21 அன்று மிதிவண்டியில் வீடு திரும்பும் வழியில் சுட்டுக் கொல்லப்பட்டார். அரசப் படைகள், இந்திய அமைதிப்படை, விடுதலைப் புலிகள் என எல்லாத் தரப்பின் மீறல்களையும் ஆவணப்படுத்தியவர் அவர். அவரைப் பற்றி எலன் குளோடாவ்ஸ்கி இயக்கிய 'நோ மோர் டியர்ஸ் சிஸ்டர்' படத்தைக் கனடா தேசியத் திரைப்பட வாரியம் தயாரித்தது. கடந்தகாலக் காட்சிகளில் ராஜினியாக நடித்தவர் அவருடைய மகள் சாரிகா.

போருக்குப் பின்னர், தமிழ்நாட்டு இயக்குநர் லீனா மணிமேகலை 'வெள்ளை வேன் கதைகள்' (2013) படத்தில் காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பத்தினரைப் பேச வைத்தார்.

தொடருந்துப் பயணம்

1983 சூலை வன்முறையின்போது ஜூட் ரட்ணம் ஐந்து வயதுச் சிறுவன். குடும்பத்துடன் கொழும்பிலிருந்து வடக்கே தொடருந்தில் தப்பிச் சென்றவர். அந்தப் பயணத்தின் நினைவை மையமாகக் கொண்டு அவர் இயக்கிய 'டீமன்ஸ் இன் பாரடைஸ்', 2017 கான் திரைப்பட விழாவில் சிறப்புத் திரையிடலாகக் காட்டப்பட்டது. தமிழருக்கு எதிரான வன்முறையோடு, தமிழ் இயக்கங்கள் தமக்குள் நடத்திய கொலைகளையும் முன்னாள் போராளிகள் அப்படத்தில் பேசுகின்றனர்.

அதே ஆண்டு யாழ்ப்பாணச் சர்வதேச சினிமா விழாவில் அது திரையிடப்படுவதாக இருந்தது. எதிர்ப்பு எழுந்ததால் நிகழ்ச்சி நிரலிலிருந்து நீக்கப்பட்டது. அரசின் குற்றங்களை இப்படம் பின்னுக்குத் தள்ளுகிறது என்பது எதிர்த்தோர் வாதம். படத்தைப் பார்த்த பிறகே விவாதிக்க வேண்டும் என்றனர் மறுதரப்பினர். இழப்புகளுக்கு இன்னும் நீதி கிடைக்காத ஒரு சமூகம், தன் உள்முரண்களை எப்போது, யார் முன்னிலையில் பேசுவது என்பதே அந்த விவாதத்தின் அடிப்படைக் கேள்வி.