இடியை அழைத்த சொல்

இடியும் மின்னலும் தேவர்களின் படைக்கலங்கள் என்பது பழங்கதைகளின் துணிபு. வேதத்து இந்திரனுக்கு வச்சிரம். கிரேக்கத்து ஜீயஸுக்கு மின்னற்கணை. வடபுலத்துத் தோருக்குச் சம்மட்டி. இருபதாம் நூற்றாண்டின் அமெரிக்கச் சித்திரக்கதை இம்மரபில் ஒரு புதுமை செய்தது. இடியைக் கையிலிருந்து எடுத்து நாவில் வைத்தது. சொல்லையே தொழிலாகக் கொண்ட நமக்கு அந்நாவில் பிறந்த சொல்லின் வரலாறு நெருக்கமானது.

1940 பிப்ரவரி நாளிட்ட 'விஸ் காமிக்ஸ்' இதழில், பில் பார்க்கர் எழுத, சி. சி. பெக் வரைய, 'கேப்டன் மார்வெல்' தோன்றினான். வெளியிட்டது ஃபாசெட் நிறுவனம். பில்லி பாட்சன் பெற்றோரற்ற சிறுவன். சுரங்க ரயில் நிலையத்தருகே இரவில் செய்தித்தாள் விற்பவன். நிலத்தடியில் வீற்றிருந்த ஷஸாம் என்னும் முதியவர் தம் பெயரையே அவனுக்கு மந்திரமாக அளிக்கிறார். சாலமன், ஹெர்குலிஸ், அட்லஸ், ஜீயஸ், அக்கிலீஸ், மெர்க்குரி ஆகிய அறுவரின் ஆங்கில முதலெழுத்துகள் கூடியது அப்பெயர். அதை உச்சரித்ததும் மின்னல் இறங்குகிறது. சிறுவன் நின்ற இடத்தில் பெருவீரன் நிற்கிறான். மறுமுறை உச்சரித்தால் மீண்டும் சிறுவன்.

1938இல் பிறந்த சூப்பர்மேன் வேற்றுக் கோளிலிருந்து வந்தவன். அவன் வலிமை பிறப்பால் வாய்த்தது. பில்லிக்கோ ஒரு சொல் போதுமாயிருந்தது. அச்சொல்லை எந்தக் குழந்தையும் உரக்கக் கூவிப் பார்க்கலாம். 1941இலேயே பன்னிரண்டு பகுதித் தொடர்படமாக அவன் திரைக்கு வந்தான். அவன் பெயரில் வந்த இதழ் 1940களின் நடுவில் பத்து இலட்சம் படிகளுக்கு மேல் விற்றது.

அந்த ஆண்டிலேயே, சூப்பர்மேனைப் படியெடுத்த உருவமே இவன் என்று நேஷனல் நிறுவனம் வழக்குத் தொடுத்தது. 1951இல் மேல்முறையீட்டில் நீதிபதி லேர்னெட் ஹேண்ட், சூப்பர்மேன் மீதான பதிப்புரிமை கைவிடப்படவில்லை எனத் தீர்ப்பளித்தார். போருக்குப் பின் விற்பனையும் சரிந்திருந்த நிலையில், 1953இல் ஃபாசெட் உடன்பாட்டுக்கு வந்து வீரனை நிறுத்திக்கொண்டது.

அவன் கதைகளை மறுபதிப்பிட்டு வந்த பிரிட்டிஷ் பதிப்பகம் தவித்தது. அதற்கென மிக் ஆங்லோ 1954இல் 'மார்வெல்மேன்' என்ற மாற்றுருவைப் படைத்தார். அவனுடைய மந்திரம் 'கிமோட்டா'. அணு எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல்லின் ஒலியைத் தலைகீழாக்கியது அது. ஹிரோஷிமாவுக்குப் பின் வந்த தலைமுறையின் மந்திரத்தில் ஜீயஸின் மின்னல் இருந்த இடத்தில் அணு அமர்ந்தது நோக்கத்தக்கது.

அமெரிக்காவில் பெயர் வேறொருவர் வசமாயிற்று. 1967இல் மார்வெல் நிறுவனம் தன் புதிய வீரனுக்குக் 'கேப்டன் மார்வெல்' எனப் பெயரிட்டது. முன்னாள் எதிராளியான டி.சி. நிறுவனமே பழைய வீரனை உரிமம் பெற்று 1973இல் மீட்டெடுத்தபோது, இதழின் தலைப்பாக அவன் பெயரை இட இயலவில்லை, 'ஷஸாம்!' என்றே அச்சிட்டது.

1941இன் இறுதியில் தோன்றிய இளைய துணைவன் 'கேப்டன் மார்வெல் ஜூனியர்' இங்கு நினைவுக்கு வருகிறான். அவனுடைய மந்திரமே மூத்தவனின் பெயர்; ஆதலால் தன் பெயரை முழுதாகச் சொல்லப் புகுந்தால் அவன் உருமாறிவிடுவான். வேடிக்கையாக எழுதப்பட்ட அந்தச் சிக்கலின் சாயல் மூத்தவனையும் தொட்டது. 2012இல் டி.சி. அவனுக்கு 'ஷஸாம்' என்றே பெயர் சூட்டியது. மந்திரமும் பெயரும் ஒன்றாயின. 2019 மார்ச்சில் 'கேப்டன் மார்வெல்' என்ற திரைப்படம் வெளிவந்தது. அதன் தலைவி வேறொரு பாத்திரம். அடுத்த மாதமே பழைய வீரன் 'ஷஸாம்!' என்ற படத்தில் வந்தான்.

வழக்காடியவையும் விலைபேசியவையும் நிறுவனங்கள். பார்க்கரும் பெக்கும் தாம் ஆக்கிய பெயருக்கு ஒருநாளும் உரியவராக இருந்ததில்லை. 1973இல் மீண்டும் வரைய வந்த பெக், தமக்குத் தரப்பட்ட கதைகளின் தரத்தில் மனம் ஒப்பாமல் சில இதழ்களிலேயே விலகினார். தாம் வடித்த வீரன் பிறர் எழுத்தில் சிறுத்துப்போவதைக் காண அவருக்கு மனமில்லை. பெயரின் உரிமை எழுதித் தரக்கூடியது. அந்த மனத்தாங்கலை எந்த உடன்படிக்கையும் தீர்த்ததில்லை.