நடந்து கற்கும் வரலாறு: காலிக் கோட்டை பற்றிய சில சிந்தனைகள்

வரலாற்றைக் கற்பதற்கு ஏடுகளும் சாசனங்களும் உதவுவதுபோலவே பழைய நகரங்களின் தெருக்களும் உதவுகின்றன. மதிலின் உயரம், வாயிலின் திசை, தெருவின் பெயர், வீட்டு முகப்பின் அமைப்பு ஆகிய ஒவ்வொன்றும் ஒரு சான்றாகும். ஆயினும், ஆவணத்தை வாசிக்கையில் அதை எழுதியவன் யார், எவற்றை எழுதாது விட்டான் என்று வினவும் நாம், வழிகாட்டி ஒருவரின் பின்னே ஒரு நகரத்தைச் சுற்றி நடக்கும்போது அவ்வினாக்களை எழுப்புவதில்லை. வழிகாட்டி எங்கே தொடங்குகிறார், எங்கே நின்று பேசுகிறார், எந்த இடத்தை வாய்திறவாது கடந்து செல்கிறார் என்பவற்றைப் பொறுத்தே நாம் அறியும் வரலாறு அமைகின்றது. இவ்வகையில் வழிகாட்டியோடு நடத்தலும் ஒருவகை வரலாறெழுதுதலே எனலாம். இக்கருத்தைக் காலிக் கோட்டையை உதாரணமாகக் கொண்டு ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

காலிக் கோட்டை நடந்து கற்பதற்கு மிகவும் ஏற்றதோர் இடமாகும். கொழும்பிலே கோட்டை என்னும் பெயர் நின்று நிலைக்க, மதில்கள் பெரும்பாலும் மறைந்துவிட்டன. யாழ்ப்பாணக் கோட்டையின் மதில்கள் போரிலே பெருஞ் சேதமுற்றன. அதனுள் மக்கள் குடியிருப்பும் இல்லை. காலியிலோ மதிலும், அதனுள்ளே தெருக்களும், அத்தெருக்களிலே வாழும் மக்களும் ஒருங்கே காணப்படுகின்றனர். 1988ஆம் ஆண்டு யுனெஸ்கோ நிறுவனம் காலிப் பழைய நகரையும் அதன் அரண்களையும் உலக மரபுரிமைப் பட்டியலிற் சேர்த்தது.

இந்நகர் இவ்வாறு எஞ்சியமைக்கான காரணமும் சிந்திக்கத்தக்கது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிற் காலித் துறைமுகம் கிழக்கு நோக்கிச் செல்லும் நீராவிக் கப்பல்கள் நிலக்கரி ஏற்றும் முக்கிய தலமாக விளங்கிற்று. ஆயின், அத்துறைமுகத்தில் மறைந்துகிடந்த பாறைகளும் தென்மேற்குப் பருவக்காற்றும் கப்பல்களுக்கு இடர் விளைத்தன. 1875ஆம் ஆண்டு கொழும்பில் அலைதடுப்புச் சுவருக்கு அடிக்கல் நாட்டப்பட்டு, 1885ஆம் ஆண்டளவில் அதன் தென்மேற்குப் பகுதி நிறைவெய்தியதும் கப்பல்கள் கொழும்பை நாடின. வணிகம் பெருகிய கொழும்பிலே பழையன இடிக்கப்பட்டுப் புதியன எழுந்தன; வணிகம் குன்றிய காலியிலே இடிக்கவேண்டிய தேவையே எழவில்லை. எனவே, இன்று நாம் வியந்து நோக்கும் மரபுரிமையின் பெரும்பகுதி, ஒரு துறைமுகம் அடைந்த வீழ்ச்சியினாற் காக்கப்பட்டதாகும்.

இன்று வழிகாட்டிகளுடன் செல்வோர் பெரும்பாலும் புதுவாயிலினூடாகவே கோட்டையுட் புகுகின்றனர். அவ்வாயில் ஆங்கிலேயராற் போக்குவரத்தின் பொருட்டு 1873ஆம் ஆண்டு திறக்கப்பட்டது. அதன் அருகே, அந்தோனிஸ் என்னும் மருத்துவரின் நினைவாக 1883ஆம் ஆண்டு எழுப்பப்பட்ட மணிக்கூட்டுக் கோபுரம் நிற்கின்றது. பின்னர் மதில்மேல் ஏறி ஞாயிறு, திங்கள், விண்மீன் என்னும் பெயர்கொண்ட மூன்று கொத்தளங்களைக் கண்டு, கடலோரமாகச் சுற்றி, 1939ஆம் ஆண்டு கட்டப்பெற்ற வெளிச்சவீட்டையும் அதன் எதிரேயுள்ள பள்ளிவாசலையும் அடைந்து, பழைய வாயில், பண்டகசாலை, 1755ஆம் ஆண்டு நிறைவெய்திய ஒல்லாந்த சீர்திருத்தத் தேவாலயம் என்பவற்றைப் பார்த்துத் திரும்புவது வழக்கம். போர்த்துக்கேயர் வந்தனர், ஒல்லாந்தர் 1640ஆம் ஆண்டு கைப்பற்றினர், ஆங்கிலேயர் 1796ஆம் ஆண்டு பெற்றனர் என்னும் மூன்று கட்டங்களே இந்நடையின் கதையாக அமைகின்றன.

இந்நடையிற் பயனில்லை என்று கூறுதல் பொருந்தாது. ஏட்டிலே தெளிவுறாத சில உண்மைகள் இங்கே காலடியிலேயே புலனாகின்றன. நிலப்பக்கத்து மதில் தடித்தும் உயர்ந்தும் காணப்பட, கடற்பக்கத்து மதில் ஒப்பளவிற் சிறிதாகவே உள்ளது. கடற்பக்கத்தைப் பாறைத்தொடர்களும் அலையுமே காத்தன. ஒல்லாந்தர் 1638ஆம் ஆண்டு கண்டி மன்னன் இரண்டாம் இராசசிங்கனோடு உடன்படிக்கை செய்து, அவனுக்குத் துணைவர் என்னும் பெயரிலேயே போர்த்துக்கேயரை எதிர்த்தனர். காலியைப் பிடித்த பின்னர் அதனை மன்னனிடம் ஒப்படைக்காது தாமே வைத்துக்கொண்டனர். 1656ஆம் ஆண்டு வரை போர்த்துக்கேயர் கொழும்பில் இருந்தனர். மன்னனோ பகைவனாக மாறினான். நாட்டை நோக்கி எழுப்பப்பட்ட அம்மூன்று கொத்தளங்களும் இவ்வச்சத்தின் சின்னங்களாக நிற்கின்றன. பழைய வாயிலோ துறைமுகத்தை நோக்கியது. நாட்டுக்கு முதுகையும் கடலுக்கு முகத்தையும் காட்டிய நகரமாகவே ஒல்லாந்தரின் காலி அமைந்தது.

அப்பழைய வாயிலில் மற்றொரு பாடமும் உண்டு. உட்புறத்திலே 1669 என்னும் ஆண்டுடன் ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கொம்பனியின் இலச்சினை காணப்படுகின்றது. இரு சிங்கங்கள் அதனைத் தாங்க, மேலே ஒரு சேவல் நிற்கின்றது. வெளிப்புறத்திலே ஆங்கில அரச இலச்சினை பொறிக்கப்பட்டுள்ளது. சேவலைச் சுட்டும் போர்த்துக்கேயச் சொல் ‘காலோ’ என்பதாகும். அதனால் அவர்களே இவ்வூருக்குப் பெயரிட்டனர் என்றொரு கதை வழங்குகின்றது. ஆயின், போர்த்துக்கேயர் வருவதற்கு ஏறத்தாழ நூற்றறுபது ஆண்டுகளுக்கு முன், 1344ஆம் ஆண்டு இலங்கைக்கு வந்த இபுனு பத்தூத்தா, தெவிநுவரையிலிருந்து ‘காலி’ என்னும் ஊருக்கு வந்ததாகவும், அங்கே இப்ராகீம் என்னும் முஸ்லிம் மாலுமித் தலைவர் தமக்கு விருந்தளித்ததாகவும் குறிப்பிட்டுள்ளார். எனவே, ஊரின் பெயர் போர்த்துக்கேயருக்கு முற்பட்டது. சேவல், வந்தவர்கள் தமக்குப் பழகிய சொல்லைப் பெயரினுள் கேட்டதன் விளைவேயாகும். பத்தூத்தாவின் குறிப்பு மற்றோர் உண்மையையும் உணர்த்துகின்றது: மதில் எழுவதற்கு முன்னரே காலி ஒரு கடல்வணிகத் துறையாக இருந்தது.

மதிலை விட்டிறங்கித் தெருக்களுட் புகுவோமாயின் இவ்வுண்மை மேலும் வலுப்பெறும். லெயின் பான் வீதி என்பது கயிறு திரித்த இடத்தைக் குறிக்கும் ஒல்லாந்தப் பெயர். கப்பல்களின் தேவை அப்பெயரில் எஞ்சியுள்ளது. இன்று ஆங்கிலத்திற் ‘பெட்லர் வீதி’ என வழங்கும் தெருவுக்கு ஒல்லாந்தர் இட்ட பெயர் சோனக வணிகர் தெரு என்னும் பொருள்தருவது. ஆங்கிலப் பெயரில் வணிகர் சில்லறை விற்பனையாளராக எஞ்சினர். சோனகர் என்னும் பெயரோ மறைந்துவிட்டது. ஒரு தெருப்பெயர் ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்கு மாறுகையில் ஒரு மக்கட் கூட்டத்தின் சுவடு அழிந்தமை நோக்கற்பாலது.

ஆனால் மக்கள் அழியவில்லை. போர்த்துக்கேயரின் பகைமையையும், ஒல்லாந்தர் சோனகர்மீதும் செட்டிகள்மீதும் விதித்த ‘ஊழியம்’ என்னும் கட்டாய வேலையையும் வணிகக் கட்டுப்பாடுகளையும் தாண்டி முஸ்லிம் மக்கள் காலியில் நிலைத்தனர். இரத்தினக்கல் வணிகத்திற் புகழ்பெற்றனர். 1892ஆம் ஆண்டு கோட்டையினுள்ளே பஹ்ஜதுல் இப்ராகீமிய்யா அறபுக் கல்லூரி தோன்றிற்று. தேவாலயத்தின் முகப்பை ஒத்துக் காணப்படும் மீரான் பள்ளிவாசல் வழிகாட்டிகளால் விந்தையாகச் சுட்டப்படுகின்றது. அப்பள்ளிவாசலைச் சூழ வாழும் மக்களின் வீட்டுமொழியாகத் தமிழ் வழங்கிவந்தமையோ சுட்டப்படுவது அரிது. வடக்கிற்கும் கிழக்கிற்கும் வெகு தொலைவில், சிங்கள மக்கள் பெரும்பான்மையாக வாழும் தென்கரையிலே, கடல்வணிகத்தின் வழியாகத் தமிழ் வேரூன்றி நிலைத்தமை இலங்கை வரலாற்றின் ஒரு முக்கிய அத்தியாயமாகும்.

துறைமுகத்தை அடுத்துள்ள கறுப்புக் கொத்தளத்திலே போர்த்துக்கேயர் காலப் பகுதிகள் உள்ளன என்று கூறுவர். கோட்டையின் நிலத்தடிக் கால்வாய்களைக் கடல்நீர் ஏறி இறங்கிக் கழுவிச் செல்லும் வகையில் ஒல்லாந்தர் அமைத்த திறனையும் பாராட்டுவர். அப்பாராட்டு தகுதியுடையதே. ஆயினும், கல்லைச் சுமந்த தோள்கள் யாருடையவை என்னும் வினாவும் எழவேண்டும். கொம்பனியின் அடிமைகள் இலங்கையிற் கோட்டை வேலைகளிலும் வயல்களிலும் ஈடுபடுத்தப்பட்டனர். 1659 முதல் 1661 வரையான காலத்திலே, பீஜப்பூர்ப் படையெடுப்பும் பஞ்சமும் தஞ்சை நாட்டைச் சீரழித்தபோது, பசியினால் விற்கப்பட்ட மக்கள் ஆயிரக்கணக்கிற் சோழமண்டலக் கரையிலிருந்து இலங்கை, பத்தாவியா, மலாக்கா ஆகிய இடங்களுக்குக் கொம்பனியின் கப்பல்களில் ஏற்றப்பட்டனர். தமிழர் கடல்கடந்த வரலாற்றைப் பேசும்போது வணிகரின் பெருமையையும் வேந்தரின் படையெடுப்பையும் மட்டுமே நாம் நினைவுகூருகின்றோம். விலைப்பொருளாகக் கடல்கடந்த தமிழரும் அவ்வரலாற்றின் ஒரு பகுதியினரே. தேவாலயத்தின் தளத்திலே அதிகாரிகளின் பெயர்கள் கல்லிற் பொறிக்கப்பட்டுள்ளன. அம்மக்களுக்குக் கோட்டையில் ஒரு கல்லேனும் இல்லை.

காலியின் வரலாற்றிற்கு மிக முக்கியமான கல்லொன்று கோட்டை நடையில் இடம்பெறுவதே இல்லை. அது இன்று காலியிலும் இல்லை. 1911ஆம் ஆண்டு காலி நகரில், கிறிப்ஸ் வீதியருகே ஒரு மதகின் மூடுகல்லாக, எழுத்துப்பக்கம் கீழ்நோக்கியவாறு கிடந்த நிலையில் மும்மொழிக் கல்வெட்டு கண்டெடுக்கப்பட்டது. இப்போது கொழும்புத் தேசிய நூதனசாலையில் வைக்கப்பட்டுள்ளது. சீனத்து மிங் பேரரசின் கடற்படைத் தலைவனான செங் ஹோவின் பயணத்தோடு தொடர்புடைய இச்சாசனம் 1409ஆம் ஆண்டுக்குரியது. சீன மொழிப்பகுதி புத்தபிரானுக்கும், தமிழ்ப்பகுதி தெவிநுவரையிற் கோயில்கொண்டிருந்த தெனாவரை நாயினாருக்கும், பாரசீக மொழிப்பகுதி இஸ்லாமிய மரபின்படியும் காணிக்கைகள் வழங்கப்பட்டதைக் கூறுகின்றன. பொன் 1,000, வெள்ளி 5,000, பட்டு, எண்ணெய் முதலியவை அக்காணிக்கைகளுட் சிலவாகும். தமிழ்ப்பகுதியைப் பேராசிரியர் பரணவிதான வாசித்து வெளியிட்டார்.

சீனத்திலிருந்து வந்த பேரரசின் தூதர், இலங்கையின் தென்கரையில் தம் செய்தியை அறிவிக்கத் தெரிந்தெடுத்த மூன்று மொழிகளுள் தமிழும் ஒன்றாக இருந்தது. இந்துசமுத்திர வணிகத்தில் அம்மொழி பெற்றிருந்த நிலைக்கு இதைவிடச் சிறந்த சான்று அரிது. ஆயினும், இதனை மூன்று சமயங்களின் ஒற்றுமைக்கான சின்னமாக மட்டும் போற்றுவது வரலாற்றாளனுக்கு அழகன்று. இச்சாசனத்திற்கு ஈராண்டுகளின் பின்னர், 1411ஆம் ஆண்டு, அதே செங் ஹோ இலங்கையில் அழகேசுவரனுடன் பொருது அவனைச் சிறைபிடித்துச் சீனத்துக்குக் கொண்டு சென்றான். காணிக்கையும் படையும் ஒரே கடற்படையில் வந்தன. காணிக்கை பெற்ற தெனாவரைக் கோயிலைப் போர்த்துக்கேயர் 1588ஆம் ஆண்டு அழித்தனர். பல்லினத்தோர் கூடிய துறைமுகம் எனின் அங்கே பகைமை இல்லை என்பது பொருளன்று. பகைமையின் நடுவிலும் மக்கள் ஒருவரோடொருவர் பேசவும் வாங்கி விற்கவும் வேண்டியிருந்தனர்; அதற்கு ஒருவர் மொழியை மற்றவர் அறியவேண்டியிருந்தது என்பதே அக்கல் உணர்த்தும் பாடம்.

2004ஆம் ஆண்டு டிசெம்பர் 26ஆம் நாள் கடல்கோள் எழுந்தபோது கோட்டையின் மதில்கள் உள்ளிருந்தோரைப் பெரிதும் காத்தன. மதிலுக்கு வெளியே பேருந்து நிலையமும் கடைத்தெருவும் பேரழிவுக்கு உள்ளாயின. கடலையும் தடுத்து நின்ற அம்மதிலால் தடுக்கமுடியாத மற்றொரு மாற்றம் அதன்பின் விரைவுபெற்றது. பழைய வீடுகள் பல விலைபோயின. அவை விடுதிகளாகவும் உணவகங்களாகவும் கடைகளாகவும் உருமாறின. தலைமுறைகளாக வாழ்ந்த குடும்பங்கள் பல வெளியேறின. சுவரும் ஓடும் முன்போலவே பேணப்படுகின்றன. ஆயின் அச்சுவர்களுக்குள் ஒலித்த பேச்சு குறைந்துவருகின்றது. கட்டடத்தைக் காக்கச் சட்டமும் நிறுவனங்களும் உள்ளன. அங்கு வாழ்ந்தோரின் நினைவைக் காக்கும் பொறுப்பு யாருடையது?

அப்பொறுப்பின் ஒரு பகுதி வரலாறு பயிலும் மாணவர்க்கும் உரியது. கோட்டை நடையைப் புதுவாயிலிலன்றித் துறைமுகத்தை நோக்கிய பழைய வாயிலிலே தொடங்கலாம். முதலிற் கடலைக் காட்டி, பத்தூத்தாவையும் செங் ஹோவையும் கூறி, கல்வெட்டின் படியொன்றை அங்கே காட்டலாம். பண்டகசாலையிற் கறுவாவின் கதையோடு அடிமைகளின் கதையையும் சேர்க்கலாம். சோனக வணிகர் தெருவில் அதன் பழைய பெயரைச் சொல்லலாம். மதிலை இறுதியிற் காட்டலாம். யார் யாரைக் காக்கவும் விலக்கவும் அது எழுந்தது என்பது அப்போது விளங்கும்.

வடக்கிலிருந்தும் கிழக்கிலிருந்தும் மலையகத்திலிருந்தும் பாடசாலைப் பிள்ளைகள் தெற்கே சுற்றுலா செல்கின்றனர். வெளிச்சவீட்டின் அருகிற் படம் எடுத்துக்கொண்டு திரும்புவதோடு அவர்களின் வரலாற்றுப் பாடம் முடிந்துவிடல் ஆகாது. தமிழிற் சிறியதொரு நடைவழிக் கைந்நூலை ஆக்குவது தமிழ்ச் சங்கமொன்றின் ஆற்றலுக்கு அப்பாற்பட்ட பணியன்று. கோட்டையில் இன்னும் வாழும் முதியோரிடம் தெருக்களின் கதைகளைக் கேட்டு எழுதுவது அதன் முதற்படியாகும். மதில்கள் பொறுத்திருக்கும், முதியோரின் நினைவு பொறுத்திராது. ஆகவே, அப்பணி இப்போதே தொடங்கப்படவேண்டும்.