சட்டை எடுத்துக் கொடுக்கும் கௌரவம்

வரலாறு என்றால் போர்களையும் மன்னர்களையுமே நாம் படிப்பிக்கிறோம். நோர்பேர்ட் எலியாஸ் ஒரு சட்டையைப் பார்த்தார்.

பிரான்சின் வேர்சாய் மாளிகையில் 14ஆம் லூயி மன்னர் காலையில் எழுந்ததும், அவருக்குச் சட்டை கொடுப்பது பெரும் பிரபுக்களின் உரிமை. இத்தகைய கௌரவங்களுக்கான போட்டியை வைத்தே மன்னர் பிரபுக்களைக் கட்டிப்போட்டார். அந்தச் சடங்குகளில் அவரும் கட்டுண்டார் என்றார் எலியாஸ்.

ஜேர்மனிய யூதரான அவர் 1933இல் இந்த ஆய்வை முடித்தபோது நாஸிகள் ஆட்சிக்கு வந்தார்கள். நாட்டை விட்டு வெளியேறினார். தாயை இனப்படுகொலையில் பறிகொடுத்தார். லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளரானபோது வயது 57. ஆய்வு நூலாக வந்தது 1969இல். 36 வருடங்கள் காத்திருந்த உழைப்பு!

முன்வரிசைக் கதிரைக்கு முண்டியடிக்கும் நாம், அதைத் தருபவர் நம்மிடம் எதைப் பெறுகிறார் என்றும் யோசிப்போம்.