ஸ்டான்லியை விட்டுவிட்ட மேட்டூர்

வடசென்னையில் ஆட்டோக்காரரிடம் ‘ஸ்டான்லி’ என்று மட்டும் சொல்லுங்கள், ஆஸ்பத்திரி வாசலில் இறக்கிவிடுவார். அதே ஸ்டான்லி பெயரில் காவிரியில் ஒரு நீர்த்தேக்கமும் இருக்கிறது, 93.47 டி.எம்.சி. கொள்ளளவு. ஆனால் சேலத்தில் பஸ் ஏறி ‘ஸ்டான்லிக்கு ஒரு டிக்கெட்’ என்றால் கண்டக்டர் முழிப்பார்.

ஜார்ஜ் ஃபிரெடரிக் ஸ்டான்லி 1929 முதல் 1934 வரை சென்னை மாகாண ஆளுநர். 1925இல் மேட்டூர் அணை வேலை தொடங்கியபோது அவர் அந்தப் பதவியில் இல்லை. கட்டி முடிந்த நேரத்தில் இருந்தார். 1934 ஆகஸ்ட் 21 அன்று திறந்துவைத்தார். அரசு ஏட்டில் ‘ஸ்டான்லி நீர்த்தேக்கம்’ ஏறியது. ஜனங்கள் வாயில் அன்றும் இன்றும் மேட்டூர் டேம்தான்.

மேடு + ஊர், டகரம் இரட்டித்து மேட்டூர். காடு காட்டூர் ஆனதைப் போல. ஆற்றோரத்து ஊருக்கு மேடு என்பது வெறும் நில வருணனை அல்ல, வெள்ளத்துக்குத் தப்பிய இடம் என்ற நிம்மதியும் அதில் இருந்திருக்கும் என்றே எனக்குத் தோன்றுகிறது. அந்த மேட்டை ஒட்டித்தான் 120 அடிக்குத் தண்ணீரை நிறுத்தினார்கள். மேல்பக்கத்துப் பள்ளத்தில் இருந்த ஊர்கள் முழுகின. கோடையில் நீர்மட்டம் இறங்கும்போது பண்ணவாடிப் பக்கம் ஜலகண்டேஸ்வரர் கோயில் நந்தி முதலில் தலையைக் காட்டும், பிறகு முதுகு. நாளிதழ்க்காரர்கள் படம் எடுக்கப் போவார்கள்.

இனி ‘அணை’. கரும்புக்கும் வாழைக்கும் மண் அணைக்கிறோமே, அதைக் கவனித்தால் சொல்லின் உட்பொருள் தெரியும். மண்வெட்டியால் பாரிலிருந்து மண்ணை இழுத்துத் தூரோடு சேர்த்துவிடுவது, சாயாமல் தாங்குவதற்கு. சேர்த்தல், தாங்குதல் என்ற இந்தப் பொருள்தான் தலையணையிலும் இருக்கிறது, கல்லணையிலும் இருக்கிறது. ஆற்றில் போட்ட அணை தண்ணீரைச் சேமிப்பதற்கு அல்ல, சற்றே உயர்த்தி வாய்க்காலுக்குத் திருப்புவதற்கு. தேக்கி வைப்பது ஏரியின் வேலை. வெள்ளைக்காரப் பொறியாளர்கள் ‘அணைக்கட்டு’ என்பதை ‘அனிகட்’ என்று வாங்கிக்கொண்டபோது இந்தப் பொருளையும் சேர்த்தே வாங்கினார்கள். 1886இல் வெளிவந்த ஹாப்சன் ஜாப்சன் அகராதியும் கால்வாய்களுக்கு நீர் ஊட்ட ஆற்றின் குறுக்கே கட்டுவது என்றே அதற்கு விளக்கம் தருகிறது. இன்று ராஜஸ்தானத்துக் கிராமங்களில் சின்னத் தடுப்பணைக்கும் ‘எனிகட்’ என்றே பேர். காவிரிக்கரைச் சொல் பாலைவனம் வரை போய்விட்டது!

மேட்டூர் வேறு ரகம். ஆற்றையே ஏரியாக்கும் வேலை. அதனால்தான் ‘அனிகட்’ என்ற சொல் அங்கே செல்லுபடியாகவில்லை. தேங்கு என்பது தன்வினை, தேக்கு என்பது பிறவினை. அதிலிருந்து வந்த ‘நீர்த்தேக்கம்’ ஏட்டுக்கு ஏற்ற சொல்லானது. பேச்சில் ‘டேம்’ முந்திக்கொண்டது. ரயில் நிலையத்துக்கும் மேட்டூர் அணை என்றே பெயர். தமிழ் ‘அணை’ பழைய பொருளை விட்டுக்கொடுத்து, தேக்குவதையும் தனக்குள் ஏற்றுக்கொண்டது இப்படித்தான்.

அணையை வடிவமைத்தவர் கர்னல் எல்லிஸ். இடப்பக்கம் தனியாக அமைந்த உபரிநீர்ப் போக்கிக்கு அவர் பெயரையே வைத்தார்கள். அதற்கு 16 மதகுகள். ஊர் எண்ணிப் பார்த்து ‘பதினாறு கண்’ என்று சொல்லிவிட்டது. வலைக்கு, பாலத்துக்கு, தேங்காய்க்கு எல்லாம் துளையைக் கண் என்பது நம் வழக்கம். கண்மாய் என்பதே ‘கண்வாய்’ என்பதன் திரிபு என்பார்கள். ஸ்டான்லிக்காவது சென்னையில் ஆஸ்பத்திரி இருக்கிறது. எல்லிஸுக்குப் பொதுப்பணித் துறைக் கோப்புதான். அணை நிரம்பிய மறுநாள் பேப்பரில் ‘16 கண் மதகு வழியாக உபரிநீர்’ என்றுதான் செய்தி வரும்.